அனாமத்து

எங்க மச்சான் நல்லகாமன்கிட்ட யாராச்சும், "ஆனையூர் வீடு எம்புட்டுக்கு முடிஞ்சுச்சு?"ன்னு கேட்டா, "பன்னெண்டாயிரம்"னு சொல்லுவாரு. கொஞ்சம் நிமிந்து உக்காந்துக்கிட்டுத்தான் சொல்லுவாரு. ரொம்ப வருசமா அப்படித்தான் சொல்லிக்கிட்டுத் திரிஞ்சாரு. அந்த நேரம் நான் பக்கத்துல இருந்தேன்னா துண்டை உதறித் தோள்ல போட்டுக்கிட்டு எந்திரிச்சு வெளிய போயிருவேன். இருந்தா என் வாய் சும்மா இருக்காது. பன்னெண்டாயிரமாம். அந்த வீடு எம்புட்டு தின்னுச்சுன்னு எனக்குத் தெரியும். அதுக்குத் தீனி போட வழி காட்டினவனே நான்தான்.

என் பேரு மலையாண்டி. கொட்டாம்பட்டிப் பக்கம் எங்களுக்குக் கடலைக்காடு. அன்னக்கொடி என் கூடப்பொறந்த அக்கா. அவளைக் கட்டின மச்சான் கப்பலூர்ல ஒரு பட்டறையில லேத்து ஓட்டினாரு. இரும்பை நூல் பிசகாமக் கடைஞ்சு எடுப்பாரு. அவரு கடைஞ்ச சாமானை அளந்து பாக்குறது வெட்டி வேலைன்னு முதலாளியே சொல்லுவாராம். அம்புட்டுக் கணக்கா வேலை பாக்குற மனுசன், ஆபீசுன்னா மட்டும் ஒடுங்கிப் போயிருவாரு. மேசைக்கு அந்தப் பக்கம் கண்ணாடி போட்டு ஒருத்தன் உக்காந்திருந்தாப் போதும், இவரு கை ரெண்டும் தன்னால கட்டிக்கிரும். அவன் காட்டுற எடத்துல கையெழுத்துப் போட்டுட்டு, "சரிங்கய்யா"ன்னு வந்துருவாரு. கேள்வி கேக்கத் தெரியாது. கேட்டாத் தப்பா நெனைப்பாங்கங்கிற பயம்.

எழுபத்திமூணுல ஆனையூர்ல அந்த வீட்டை வாங்கினாங்க. ஒரு முன்னறை, ஒரு உள்ளறை, அடுப்படி, பின்னால கொல்லை. வெலை பதினாலாயிரத்து ஐநூறு. அக்கா கழுத்துச் சங்கிலி, எங்க அப்பன் கொடுத்த மாடு ரெண்டு எல்லாத்தையும் வித்து ரெண்டாயிரத்து ஐநூறு கையில கொடுத்தாங்க. மிச்சம் பன்னெண்டாயிரம் வீட்டுக்கடன் சொசைட்டியில வாங்கினது. நூத்துக்கு வருசம் பத்து ரூபா வட்டி. பதினஞ்சு வருசம், மாசம் நூத்தி இருபத்தொம்பது ரூபா கட்டணும். மச்சான் சம்பளமே அன்னைக்கு முன்னூத்திப் பத்து ரூபா. வீட்டுப் பத்திரம் சொசைட்டி பீரோவுக்குள்ள போயிருச்சு.

எங்கக்காவுக்கு அந்த வீடுன்னா உசிரு. அடுப்படித் தரையில குழி வெட்டி, திருவாதவூர்ல சொல்லி வச்சுக் கொத்தின ஆட்டுரலைப் பதிச்சா. நான் போறப்பல்லாம் தோசைதான். "அடுத்தவன் காம்பவுண்டுல வரிசையில நின்னு மாவாட்டுன காலம் போச்சுடா"ம்பா. ஆனா ஒண்ணு மட்டும் அவளுக்கு உறுத்திக்கிட்டே இருந்துச்சு. "பத்திரம் நம்ம டிரங்குப் பெட்டிக்குள்ள வந்தாத்தான்டா வீடு நம்மளுது. இருளாயிக்கு மாப்பிள்ளை பாக்குறதுக்கு முந்தி அது வந்துரணும்." இருளாயி அவ மக. அப்ப பதிமூணு வயசு.

சரியா அஞ்சு வருசம், ஒரு மாசம் தவறாமக் கட்டினாரு மச்சான். தீவாளிக்குத் துணி எடுக்காம இருந்திருக்காங்க, தவணை தவறினதில்லை. ரசீதுக அறுபதையும் ஒரு கம்பியில குத்தி வச்சிருந்தா அக்கா. எழுபத்தெட்டுல ஒரு நாள் நான் போயிருந்தப்ப, அந்தக் கம்பியை எடுத்து என் மடியில வச்சு, "எம்புட்டு ஆச்சுன்னு கூட்டிச் சொல்லுடா"ன்னா. நானும் பெரிய கணக்குப்பிள்ளை மாதிரி கூட்டினேன். ஏழாயிரத்து எழுநூத்தி நாப்பது. பன்னெண்டாயிரத்துல அதைக் கழிச்சா நாலாயிரத்துச் சொச்சம். வட்டி கிட்டின்னு சேத்தாலும் அஞ்சாயிரத்துக்கு மேல போகாதுன்னு நானாவே முடிவு கட்டினேன். எங்க ஊர்ல அப்படித்தான். கட்டினது கழியும், மிச்சம் நிக்கும். வேற மாதிரி ஒரு கணக்கு உலகத்துல இருக்குன்னு எனக்கு எங்க தெரியும்?

அப்பத்தான் என் கெட்ட நேரம், அந்த யோசனை வந்துச்சு. "மச்சான், வீட்டை மூணு வருசத்துக்கு ஒத்திக்கு விட்டுருவோம்"னேன்.

ஒத்தின்னா எங்க பக்கம் சின்னப்பிள்ளைக்கும் தெரியும். ஒருத்தன் மொத்தமா ஒரு தொகையைக் கொடுத்துட்டு நம்ம வீட்டுல குடியிருப்பான். வீட்டுக்கு வாடகை இல்லை, பணத்துக்கு வட்டி இல்லை. எழுதுற பத்திரத்துலயே இந்த வரி இருக்கும். கெடு முடிஞ்சதும் அவன் பணத்தைக் கொடுத்துட்டு நம்ம வீட்டுக்குள்ள நாம போயிர வேண்டியதுதான். என் கணக்கு இதுதான். ஒத்திப் பணம் அஞ்சாயிரத்தைக் கொண்டுபோய்ச் சொசைட்டியில போட்டா கடன் முடியும், பத்திரம் வரும். அப்புறம் மாசாமாசம் கட்டுற நூத்தி இருபத்தொம்பதை மூணு வருசம் சேத்து வச்சா, ஒத்திக்காரனுக்குத் திருப்பிக் கொடுக்கப் பணம் தயாரு. மூணே வருசம். அக்கா ஆட்டுரலைப் பாத்துக்கிட்டே நின்னா. "மூணு வருசம்தான?"ன்னு ரெண்டு தரம் கேட்டா. "மூணே வருசம்க்கா"ன்னு அடிச்சுச் சொன்னேன்.

சின்னச்சாமின்னு ஒருத்தர், லாரி புக்கிங் ஆபீசுக்காரர், அஞ்சாயிரம் கொடுத்துக் குடிவந்தாரு. அடமானத்துல கிடக்குற வீட்டை ஒத்திக்கு விடக்கூடாதுன்னு சொசைட்டியில சட்டம். நாங்க யாரையும் கேக்கலை. ரகசியமா எழுதிக்கிட்டோம். அக்காவும் மச்சானும் இருளாயியும் செல்லூர்ல ஒரு காம்பவுண்டுல ஒத்தை ரூமுக்குப் போனாங்க. ஆறு குடும்பத்துக்கு ஒரு குழாய், ஒரு கக்கூஸ். வாடகை நாப்பத்தஞ்சு. ஆட்டுரல் பதிச்ச எடத்துலயே இருந்துச்சு. மூணு வருசத்துக்காக எவன் அதைப் பேத்து எடுப்பான்?

மறுநாளே பணத்தை மஞ்சப்பையில சுத்திக்கிட்டு நானும் மச்சானும் சொசைட்டிக்குப் போனோம். பத்திரத்தை வாங்கி வைக்க இன்னொரு பை கூடக் கொண்டு போயிருந்தாரு.

கிளார்க்கு பெரிய லெட்ஜரைப் பெரட்டிட்டு, "பாக்கி ஒம்பதாயிரத்து எழுநூத்தி அம்பத்தெட்டு"ன்னாரு.

வேற யாரு பக்கத்தையோ பாக்குறாருன்னு நெனைச்சேன். "நல்லகாமன், ஆனையூர்ங்க. அறுபது மாசம் கட்டியிருக்கோம். ரசீது இருக்கு"ன்னேன்.

"அதான்யா சொல்றேன். மொத மாசம் நீங்க கட்டின நூத்தி இருபத்தொம்பதுல, நூறு ரூபா வட்டிக்குப் போச்சு. இருபத்தொம்பதுதான் அசல்ல கழிஞ்சுச்சு. அடுத்த மாசம் அசல்ல இருபத்தொம்பதும் சில்லறையும். அப்படித்தான் மெல்ல மெல்ல ஏறும். அஞ்சு வருசத்துல அசல் கழிஞ்சது ரெண்டாயிரத்து இருநூத்திச் சொச்சம். மிச்சமெல்லாம் வட்டி. கையெழுத்துப் போடறப்ப படிச்சுப் பாக்கலையா?"

மச்சான் கையைக் கட்டிக்கிட்டு நிக்கிறாரு. அஞ்சு வருசம் தீவாளித் துணி இல்லாமக் கட்டினது ஏழாயிரத்து எழுநூறு. அதுல அஞ்சாயிரத்து ஐநூறு காத்துல போயிருக்கு. சின்னச்சாமியோ முந்தின நாளே பால் காச்சிட்டாரு. திருப்பவும் முடியாது.

"எம்புட்டு கொண்டு வந்திருக்கீங்க? பணம் ஏது?"ன்னு கிளார்க்கு கேட்டாரு. மச்சான் மொகம் வெளிறிப் போச்சு. ஒத்தி விசயம் தெரிஞ்சா வீட்டையே பிடுங்கிருவாங்கன்னு பயம். "ஊர்ல நெலம் வித்ததுங்க"ன்னு நான் பொய் சொன்னேன். அதுக்கப்புறம் ரெண்டு பேரும் வாயே திறக்கலை. நாங்க எதைக் கேட்டாலும் அவரு பணத்தைப் பத்தித் திருப்பிக் கேப்பாரோன்னு பயம். அவரு பணத்தை எண்ணி வாங்கிக்கிட்டு ஒரு ரசீதைக் கிழிச்சுக் கொடுத்தாரு. அதுல தொகைக்குப் பக்கத்துல 'அனா.' ன்னு சின்னதா எழுதியிருந்துச்சு. வெளிய வந்து மச்சான், "இது என்ன மாப்ள?"ன்னு கேட்டாரு. "அந்தக் காலத்து ரசீதுப் புஸ்தகம் மச்சான். அணா பைசா போட்டிருக்கான்"னு சொன்னேன். எனக்குத் தெரியாதுன்னு சொல்லியிருக்கலாம். சொல்லலையே. மச்சானுக்கு முன்னால படிச்சவன் மாதிரி நின்னேன்.

அதுக்கப்புறமும் மாசாமாசம் நூத்தி இருபத்தொம்பது கட்டினாரு. அஞ்சாயிரம் கழிஞ்சிருக்கும், சீக்கிரம் முடிஞ்சிரும்னு நம்பிக்கை. சேத்து வைக்க ஒரு பைசா மிஞ்சலை. அக்கா அந்த ரூமுல இருந்துக்கிட்டு, மச்சான் வீட்டு வரி கட்ட ஆனையூர் போறப்பல்லாம், "ஆட்டுரல்ல மழைத்தண்ணி நிக்குதான்னு பாத்துட்டு வாங்க"ம்பா. அடுப்படிக்குள்ள எப்படி மழை வரும்? அவளுக்கும் தெரியும். பாத்துட்டு வரச் சொல்ல ஒரு சாக்கு.

எம்பத்தொண்ணுல கெடு முடிஞ்சுச்சு. மறுபடியும் சொசைட்டிக்குப் போனோம். இந்த வாட்டி வேற கிளார்க்கு. லெட்ஜரைப் பாத்தாரு, எங்களைப் பாத்தாரு, திருப்பியும் லெட்ஜரைப் பாத்தாரு.

"அசல் பாக்கி ஏழாயிரத்து எழுநூத்தி அறுபத்தேழு. உங்க பணம் அஞ்சாயிரம் அனாமத்துல கிடக்கு. அதைத் தள்ளினா ரெண்டாயிரத்து எழுநூத்தி அறுபத்தேழு கட்டணும்."

"அனாமத்துலயா?"

"மொத்தப் பணம் கட்டினா, 'அசல்ல வரவு வைக்கவும்'னு ஒரு மனு எழுதிக் கொடுக்கணுங்க. நீங்க கொடுக்கலை. அதனால எந்தக் கணக்குலயும் சேக்காம அனாமத்துல போட்டு வச்சிருக்காங்க. ரசீதுலயே 'அனா.' ன்னு எழுதியிருக்காங்களே. அன்னைக்கே அசல்ல வச்சிருந்தா இன்னைக்கு ஆயிரத்துச் சொச்சம்தான் நிக்கும்."

நான் நாக்கைப் பிடுங்கிக்கிற மாதிரி கேட்டேன். மூணு வருசம் எங்க பணம் உங்க பெட்டியில சும்மா கிடக்கு, அதுக்கு வட்டி இல்லை. அதே மூணு வருசம் உங்க பணத்துக்கு நாங்க வட்டி கட்டியிருக்கோம். இது எந்த ஊரு நாயம்யான்னு கேட்டேன். ஆபீசே திரும்பிப் பாத்துச்சு. அந்தக் கிளார்க்கு பாவம், "விதி அப்படிங்க"ன்னு மட்டும் சொன்னாரு. மச்சான் என் கையைப் பிடிச்சு இழுத்தாரு. "விடு மாப்ள. பணத்துக்கு வட்டி இல்லைன்னு ஒத்தியில எழுதினோம்ல. அது இங்க பலிச்சிருச்சு." சிரிச்சுக்கிட்டே சொன்னாரு. அந்தச் சிரிப்பைப் பாத்து எனக்கு அவரு மேலயும் கோவம், என் மேலயும் கோவம்.

ஒத்திக்காரருக்கு அஞ்சாயிரம் கொடுக்க வழியில்லை. சொசைட்டிக்கு ரெண்டாயிரத்து எழுநூறு வேணும். கடைசியில சின்னச்சாமிகிட்டயே இன்னொரு மூவாயிரம் வாங்கினோம். ஒத்தி எட்டாயிரம் ஆச்சு. கெடு இன்னொரு மூணு வருசம், அதுக்கு மேலயும் பணம் கொடுக்கிற வரைக்கும். மூவாயிரத்தையும் அப்படியே கட்டினோம், சொசைட்டிக் கடன் முடிஞ்சுச்சு. பத்திரம் வந்துச்சு. அக்கா அதைத் தொட்டுக் கண்ணுல ஒத்தி டிரங்குப் பெட்டியில வச்சா. அந்தப் பெட்டி இருந்தது செல்லூர் ரூமுல.

இனி மாசம் நூத்தி இருபத்தொம்பது மிஞ்சும், அஞ்சு வருசத்துல ஒத்தியைத் திருப்பிரலாம்னு அக்கா பானையில போட்டுச் சேத்தா. மறு வருசம் இருளாயிக்கு மாப்பிள்ளை அமைஞ்சுச்சு. சேத்தது அதுல போச்சு. வாடகை அறுபது ஆச்சு, எம்பது ஆச்சு. அவ மறுபடியும் ஒண்ணுல இருந்து சேக்க ஆரம்பிச்சா.

எம்பத்துநாலு ஐப்பசியில அவளுக்கு மஞ்சக்காமாலை. பதினோரு நாள் பெரியாஸ்பத்திரியில கிடந்தா. பன்னெண்டாம் நாள் காலையில போயிட்டா. சாகுறதுக்கு முந்தின நாள் என்கிட்ட, "மூணு வருசம்னு சொன்னியேடா"ன்னா. வையலை. கேட்டா, அவ்வளவுதான்.

வேன் பிடிச்சு அவளை ஏத்தினோம். எங்க கொண்டு போறது? காம்பவுண்டுக்காரி சோணையம்மாள் வாசல்லயே மறிச்சுட்டா. "ஆறு குடும்பம் இருக்கிற எடம். நாளைக்கு மேல்வீட்டுப் பிள்ளைக்குச் சடங்கு வச்சிருக்கோம். வாடகை வீட்டுக்குள்ள பொணத்தைக் கொண்டு வரக்கூடாதுப்பா. கோவிச்சுக்கிறாத." அக்கா ஆறு வருசம் வாடகை தவறாமக் கொடுத்த எடம் அது.

மச்சான் என்னைப் பாத்தாரு. "நம்ம வீடு இருக்குல்ல மாப்ள. ஒரு ரெண்டு மணி நேரம். குளிப்பாட்டி எடுத்துருவோம்"னாரு.

ஆனையூருக்குப் போனோம். தெருமுனையில வேனை நிறுத்திட்டு மச்சான் மட்டும் நடந்து போனாரு. நான் அக்கா பக்கத்துல உக்காந்திருந்தேன். அங்க இருந்து வீட்டு வாசல் தெரியுது. சின்னச்சாமி வெளிய வந்து பேசுறாரு. கையெடுத்துக் கும்பிடுறாரு. உள்ள கை காட்டுறாரு. மச்சான் தலையை ஆட்டிக்கிட்டே நிக்கிறாரு, சொசைட்டியில நின்ன மாதிரியே.

திரும்பி வந்து சொன்னாரு. "அவரு மக தலைப்பிரசவத்துக்கு வந்திருக்காம். மாசம் ஒம்பது. புள்ளத்தாச்சி இருக்கிற வீடு. ரோட்டோரமா வேணா வச்சுக்கங்கன்னாரு. அவரு சொல்றதும் நாயந்தான் மாப்ள. ஒத்தி ஒத்திதான்."

"பத்திரம் உங்க பேர்ல இருக்கு மச்சான். நான் போய்க் கேக்குறேன்"னு எறங்கினேன். விடலை. இறுக்கிப் பிடிச்சுக்கிட்டாரு. லேத்து ஓட்டின கை, அசைக்க முடியலை. வேற எங்க கொண்டு போறதுன்னு எங்களுக்குப் பிடிபடலை. ரெண்டரை மணி நேரம் அந்தத் தெருமுனையில எங்கக்கா வேனுக்குள்ள கிடந்தா. அவ வாசலை அவ பாக்க முடியாது. நான் பாத்துக்கிட்டே இருந்தேன். கடைசியில டிரைவர், "அண்ணே, இன்னொரு வாடகை இருக்கு"ன்னான். கொட்டாம்பட்டிக்கு விடச் சொன்னேன். கல்யாணம் முடிஞ்சு எந்த வாசல்ல இருந்து அனுப்பினோமோ அதே வாசல்ல கொண்டாந்து எறக்கினோம்.

எம்பத்தேழுல மச்சான் வேலையில இருந்து நின்னாரு. வந்த பி.எஃப். பணத்துல எட்டாயிரத்தைச் சின்னச்சாமிக்குக் கொடுத்து வீட்டைத் திருப்பினாரு. குடி போன அன்னைக்கு நானும் போனேன். அடுப்படியில ஆட்டுரலைக் காணோம். கிரைண்டர் வாங்கினதும் பேத்து எடுத்துட்டுக் குழியைச் சிமெண்டு போட்டு மூடியிருக்காங்க. கல்லு கொல்லையில குழாயடியில கிடந்துச்சு. துணி தப்புறதுக்குக் கவுத்துப் போட்டிருந்தாங்க. மச்சான் அதை நிமித்தி வைக்கப் பாத்தாரு. முடியலை. நான் கை கொடுத்தேன். ரெண்டு பேருமாச் சேந்து நிமித்தி வச்சோம்.

நான் கூட்டிப் பாத்திருக்கேன். கையில கொடுத்தது, தொண்ணூத்தாறு தவணை, ஒத்திக்குத் திருப்பின எட்டாயிரம், ஒம்பது வருச வாடகை. முப்பதாயிரத்துக்குப் பக்கம். அதுல எங்கக்காவைச் சேக்கலை. மச்சான் மட்டும் கடன் வாங்கின பன்னெண்டாயிரத்தையே சொல்லிக்கிட்டு இருந்தாரு. ஆத்தமாட்டாமத்தான் அப்படிச் சொன்னாருன்னு இப்பத் தோணுது.

எம்பத்தொம்பதுல சொசைட்டியில இருந்து ஒரு கார்டு வந்துச்சு. எம்பத்தொண்ணுல நாங்க கட்டின மூவாயிரத்துல, பாக்கியும் அந்தக் கட்டணம் இந்தக் கட்டணமும் போக அறுபத்தியோரு ரூபா நாப்பது காசு அவரு பேர்ல அனாமத்துல இருக்காம். நேர்ல வந்து வாங்கிக்கச் சொல்லியிருந்தாங்க. ரெண்டு பேரும் போனோம். சின்ன வயசுப் பொண்ணு ஒண்ணு உக்காந்திருந்துச்சு. மரியாதையா நாற்காலி போடச் சொல்லி, கையெழுத்து வாங்கிக்கிட்டுப் பணத்தை எண்ணிக் கொடுத்துச்சு.

மச்சான் எந்திரிக்கலை. பணத்தைக் கையில வச்சுக்கிட்டே, "தாயி, இது எட்டு வருசமா இங்க கிடந்திருக்கு. இதுக்கு வட்டி எம்புட்டு?"ன்னாரு.

பதினாறு வருசத்துல அந்த ஆபீசுல அவரு கேட்ட மொதக் கேள்வி அதுதான். அந்தப் பொண்ணு சங்கடமாச் சிரிச்சு, "அனாமத்துக்கு வட்டி கிடையாதுங்கய்யா"ன்னுச்சு.

"நாங்க உங்களுக்கு இம்புட்டுப் பாக்கி வச்சிருந்தா?"

"அதுக்கு வட்டி உண்டுங்கய்யா. அபராத வட்டியும் உண்டு."

"சரி தாயி"ன்னு எந்திரிச்சாரு.

வெளிய டீக்கடையில உக்காந்தோம். அப்புறம் கிளாசைப் பாத்துக்கிட்டே சொன்னாரு. "எந்தக் கணக்குலயும் சேக்காம ஓரமாப் போட்டு வைக்கிறதுதான மாப்ள அனாமத்து? தெருமுனையில உங்கக்காவையும் அப்படித்தான் போட்டு வச்சிருந்தோம்."

டீக்குக் காசை அந்த அறுபத்தியோரு ரூபாயில இருந்துதான் எடுத்துக் கொடுத்தாரு. நான் என் டீயைக் குடிக்கலை.